பால்கனி மட்டும் பாக்கி

ஈரத்துணியைத் தள்ளிக்கொண்டே வந்த இன்சுக் அக்கா, கூடத்தின் நடுவில் சோபாவின் முன்கால் இருக்கும் இடத்தில் நின்றுவிட்டாள். இடுப்பைப் பிடித்துக்கொண்டு எழுந்து, துணியை வாளியில் முக்கிப் பிழிந்தாள். சோபாவுக்கு அந்தப் பக்கம், பால்கனியின் கண்ணாடிக் கதவு வரைக்கும் ஒரே தூசி. அவள் கணவரின் காலடித் தடங்கள்கூட அதில் தெரிந்தன. மறந்துவிட்டாளோ என்று நான் கையைக் காட்டினேன்.

“அது பேங்க்கோட எடம்,” என்றாள். “வேணும்னா ஆளனுப்பித் தொடச்சுக்கட்டும்.”

வேடிக்கைக்குச் சொல்கிறாள் என்றுதான் நினைத்தேன். ஒன்பது வருடமாக எதிர்வீட்டில் இருக்கிறேன், இப்போது தெரியும். வேடிக்கை பாதி, வீம்பு பாதி. வீட்டுக் கடனில் அசல் எவ்வளவு அடைந்திருக்கிறதோ அந்த அளவுக்குத்தான் வீடு தன்னுடையது என்று அவளுக்கு ஒரு கணக்கு. தன்னுடையதை அவள் கண்ணாடி போல் துடைப்பாள். மீதியைத் திரும்பிக்கூடப் பார்க்க மாட்டாள். வங்கியின் சுவரில் ஆணி அடிப்பதில்லை, வங்கியின் ஜன்னலுக்குத் திரை தைப்பதில்லை. எலி வளையானாலும் தனி வளை என்பார்கள். இவளுடையது வங்கியோடு சேர்ந்த கூட்டு வளை.

முழுப்பெயர் ஹோ இன்சுக். வயது அறுபத்து மூன்று. சியோலுக்குத் தெற்கே, முப்பது வருடத்துக்கு முன் வரிசையாக எழுப்பிய ஹான்பியோல் குடியிருப்பில் ஒன்பதாவது மாடி. குட்டையான உருவம், சுருட்டிவிட்ட முடி, வலது மணிக்கட்டில் எப்போதும் ஒரு பட்டை. பள்ளிக்கூடச் சமையலறையில் பெரிய கரண்டியால் சூப் கிளறியே தேய்ந்த மணிக்கட்டு அது. அறுபதில் ஓய்வு கொடுத்து அனுப்பினார்கள். அடுத்த திங்கட்கிழமையே குடியிருப்பின் கடைத்தெருவில், நிலத்தடியில் இருக்கும் தொடுகறிக் கடையில் சேர்ந்துவிட்டாள். அங்கே காலையிலிருந்து சாயங்காலம் வரை நின்றபடி கீரை பிசைகிறாள், மீன் பொரிக்கிறாள், டப்பாவில் அடைத்து விலை ஒட்டுகிறாள். என்னைப் பார்த்தால் மட்டும் வம்புக்கு இழுப்பாள். நான் பெரிய தொகை ஒன்றை முன்பணமாகக் கொடுத்துவிட்டு ஒத்திக்கு இருப்பவள். “ஒனக்கென்னடி, மழை பெய்ஞ்சா வீட்டுக்காரனுக்கு ஒழுகுது, ஒனக்கு சத்தம் மட்டும்தான்,” என்பாள்.

முதலில் அவள் மீட்டது குளியலறையை. ஏன் அது என்று கேட்டதற்கு, மனுஷிக்கு முதலில் வேண்டியது அதுதானே என்று பதில் வந்தது. அப்புறம் சமையலறை. அதற்கு இரண்டு வருடம் பிடித்தது. பிறகு மகன் படித்த சின்ன அறை, இடையிடையே முழம் முழமாகக் கூடம். பெரிய படுக்கையறை வெகுகாலம் வங்கியின் வசமே இருந்தது. இங்கே வீடுகளில் தரைக்கு அடியில் வெந்நீர்க் குழாய் ஓடும், அறைக்கு அறை தனித்தனி திருகு உண்டு. குளிர்காலத்தில் அக்கா வங்கியின் அறைகளுக்குப் போகும் திருகை மூடிவிடுவாள். வங்கிக்குக் குளிராது என்பது அவள் கட்சி. குளிர்ந்தது அந்த அறையில் படுத்த தோங்சிக் அண்ணனுக்கு. கம்பளித் தொப்பியும் காலுறையும் போட்டுக்கொண்டு மனிதர் மூன்று குளிர்காலம் அங்கே தூங்கினார். கேட்டால் சிரிப்பார். அந்தத் தண்டனை தனக்குத் தகும் என்று அவருக்குத் தெரியும்.

கதை அவரிடமிருந்துதான் தொடங்குகிறது. அச்சகத்தில் வேலை பார்த்தவர், நல்ல மனிதர், ஆனால் நிலத்தின் விலை பற்றிப் பேச ஆரம்பித்தால் கண்ணில் ஒரு பளபளப்பு வந்துவிடும். இரண்டாயிரத்து ஆறில் ஊரே வீடு வாங்கிக்கொண்டிருந்தது. இன்றைக்கு வாங்காதவன் என்றைக்கும் வாங்கமாட்டான் என்று முடிவெட்டும் கடையில்கூடப் பேச்சு. அவரும் முப்பத்திரண்டு கோடி வோனுக்கு இந்த வீட்டை வாங்கினார். அதில் பதினெட்டுக் கோடி கடன். முதல் மூன்று வருடம் வட்டி மட்டும் கட்டலாம், அதற்குப் பிறகுதான் அசல் தொடங்கும் என்றது வங்கி. மூன்று வருடம் முடிந்ததும் அவர் வேறு வங்கிக்கு மாறினார். அங்கே புதிதாக ஒரு மூன்று வருடம், வட்டி மட்டும். அப்புறம் இன்னொன்று. அவர் மட்டும் செய்த கோமாளித்தனம் இல்லை இது. இந்த மாடியில் பாதிப்பேர் அப்படித்தான் செய்தார்கள். விலை ஏறும், விற்று மொத்தமாக அடைத்துவிடலாம் என்ற நம்பிக்கை. விலை ஏறவில்லை. வாங்கிய இரண்டாம் வருடத்திலிருந்து சரிந்துகொண்டே போயிற்று. விற்றால் நஷ்டம், இருந்தால் வட்டி.

இதில் அக்காவுக்குத் தெரிந்தது ஒன்றே ஒன்று. சம்பளம் வந்த மறுநாள் எட்டு லட்சம், ஒன்பது லட்சம் வோன் வங்கிக்குப் போகும். பத்து வருடம் அப்படிப் போயிற்று. கட்டுகிறோம், கடன் குறைகிறது என்று அவள் இருந்தாள். யாராக இருந்தாலும் அப்படித்தான் நினைப்பார்கள்.

பத்தாம் வருடம் இலையுதிர்காலத்தில், கணவருக்குக் காய்ச்சல் என்று அவளே வங்கிக்குப் போனாள். சட்டம் மாறியிருந்தது, இனி வட்டி மட்டும் என்ற சலுகை கிடையாது, நேரில் வரவும் என்று தகவல். எப்படியும் பாதிக்கு மேல் அடைந்திருக்கும் என்ற சந்தோஷத்தில், கொடுக்கல் வாங்கல் பார்க்கும் பெண்ணுக்கு என்று ஒரு பை சீமைப் பனிச்சைப் பழம்கூட வாங்கிக்கொண்டு போயிருக்கிறாள். அவள் இதைச் சொல்லும்போதெல்லாம் அந்தப் பழத்தில்தான் தடுக்குவாள்.

“எவ்வளவும்மா பாக்கின்னு கேட்டேன். பதினெட்டுக் கோடிங்கிறா. அது வாங்குனப்பம்மா, இப்ப எவ்வளவுன்னேன். இப்பவும் அதாம்மா, நீங்க வட்டி மட்டும்தானே கட்டியிருக்கீங்கங்கிறா. பாவம், சின்னப் பொண்ணு. தப்பு அவ பண்ண மாதிரி மொகம் செவந்து போச்சு.”

கணினியைத் திருப்பிக் காட்டினாளாம் அந்தப் பெண். ஒன்பது கோடிக்கு மேல் கட்டியாகிவிட்டது. அசலில் ஒரு வோன் குறையவில்லை. பழத்தை அங்கேயே வைத்துவிட்டு வெளியே வந்து, பேருந்து நிறுத்தத்தில் உட்கார்ந்து, நான்கைந்து பேருந்துகளைப் போகவிட்டிருக்கிறாள். அழவில்லை, கோபமும் வரவில்லை, ரொம்பத் தூக்கம் வந்தது என்றாள். களைப்பு என்ற சொல்லை அன்றுதான் சரியாகப் புரிந்துகொண்டேன் என்று நினைக்கிறேன்.

வீட்டுக்கு வந்து கணவரிடம் அவள் சண்டை போடவில்லை. கஞ்சி வைத்துக் கொடுத்தாள், மாத்திரை கொடுத்தாள். காய்ச்சல் விட்டதும் இரண்டு காரியம் சொன்னாள். வீடு தன் பெயருக்கு மாற வேண்டும். கடனைத் தான் கட்டுவாள், அவர் சம்பளத்தில் சாப்பாடு நடக்க வேண்டும். அண்ணன் இரண்டுக்கும் தலையாட்டினார். சிகரெட்டையும் அன்றோடு விட்டுவிட்டார். அதை அவள் கேட்கவே இல்லை.

அதற்குப் பிறகுதான் அறை அறையாக மீட்கும் இந்தக் கூத்து. வாயைக் கட்டி வயிற்றைக் கட்டி என்று எல்லோரும் சொல்வார்கள், இவள் வாயை நிஜமாகவே கட்டினாள். இடது பக்கத்தில் மூன்று கடைவாய்ப் பற்கள் போய்விட்டன. பல் வைத்துக்கொள்ளச் சேர்த்த காசு இரண்டு முறை அசலுக்குப் போயிற்று. வலது பக்கத்தால் மட்டும் மெல்லுவாள். இடது பக்கத்தில் என்ன கோளாறு என்று யாராவது கேட்டால் அது பேங்க் பக்கம் என்பாள். ஓய்வுபெற்றபோது வந்த மொத்தப் பணமும் அசலுக்கு. மகன் சிஹுன் திருமணம் செய்துகொண்டு தெற்கே சாங்வோனுக்குப் போனபோது அவளுடைய கூட்டாளிகள் எல்லாம் ஜேஜு தீவுக்கு ஒரு சுற்றுப் போய்வந்தார்கள். அக்கா போகவில்லை. அவர்கள் கொண்டுவந்த ஆரஞ்சைச் சாப்பிட்டுவிட்டு, தீவு நன்றாகத்தான் இருக்கிறது என்றாள்.

ஒருமுறை, வீடு என்ன விலை பட்டது என்று நான் விளையாட்டாகக் கேட்டேன். பூண்டு உரித்துக்கொண்டிருந்த கை நிற்கவில்லை.

“பத்திரத்துல முப்பத்திரண்டு கோடி. அது சொன்ன வெலடி. குடுத்த வெல வேற. வட்டி ஒரு பதினோரு கோடி. பேங்க் மாறுனதுக்கு ரெண்டு தடவ அபராதம். மூணு பல்லு. இந்தக் கை. அவரு கூட நடந்து போய் வாய்விட்டுச் சிரிச்சிருக்க வேண்டிய வயசு. அதெல்லாம் எந்தக் கம்ப்யூட்டர்லயும் வராது.”

கடைசி வாக்கியத்தை அவள் சோகமாகச் சொல்லவில்லை. முள்ளங்கி விலை சொல்வது போல்தான் சொன்னாள். எனக்குத்தான் அன்று பூண்டின்மேல் பழிபோட்டுக் கண்ணைத் துடைத்துக்கொள்ள வேண்டியிருந்தது.

தோங்சிக் அண்ணன் இப்போது வேறொரு குடியிருப்பில் காவலாளி. ஒருநாள் வேலை, ஒருநாள் ஓய்வு. அங்கே வீடு மாறிப் போகிறவர்கள் தூக்கிப் போடும் நாற்காலி, விளக்கு, பூத்தொட்டி என்று எதையாவது சுமந்து வருவார். அதையெல்லாம் பால்கனியில்தான் அடுக்கவேண்டும் என்பது அக்காவின் உத்தரவு. பால்கனி கடைசிவரை பாக்கி இருந்த இடம். வங்கியின் இடத்தில் வங்கிக்கு நாற்காலி போட்டுக் கொடுக்கிறார் என்று அவளுக்கு ஒரு கேலி. அவரும் சளைத்தவரில்லை. மேலாளர் வந்தால் உட்காரவேண்டாமா என்பார். இப்படிப் பேசிக்கொள்கிற அளவுக்கு அவர்கள் வந்துசேர ஒன்பது வருடம் ஆகியிருக்கிறது.

போன வசந்தத்தில் கடைசித் தவணை கட்டி முடிந்தது. பத்திரப் பதிவேட்டில் வங்கியின் பெயருக்குக் குறுக்கே கோடு விழுந்துவிட்டதா என்று இரண்டு தடவை கேட்டு உறுதிப்படுத்திக்கொண்டாள். விருந்து, பார்ட்டி எதுவும் இல்லை. அன்று மத்தியானம் கடைக்கு விடுப்புச் சொல்லிவிட்டு, பால்கனியில் இருந்த மேலாளரின் நாற்காலிகளை எல்லாம் கீழே இறக்கிவிட்டு, தரையைச் சோடாமாவு போட்டுத் தேய்த்தாள். பிறகு அங்கேயே படுத்துத் தூங்கிவிட்டாள். விளக்கு வைக்கும் நேரத்தில் எழுந்தாள். முகத்தில் தரையோட்டின் கட்டம் பதிந்திருந்தது. பல் டாக்டரிடம் நாள் வாங்கித் தரச் சொல்லி என்னிடம் கைபேசியை நீட்டினாள். இனி ஒரு வருடத்தில் பல், அடுத்த வருடத்தில் சுவருக்குக் காகிதம் என்று திட்டம்.

பத்து நாள்கூட ஆகவில்லை. ஹான்பியோல் வாசலில் மூன்று மாடி உயரத்துக்கு ஒரு துணிப் பதாகை தொங்கியது. ‘பெருமகிழ்ச்சி! பாதுகாப்புச் சோதனையில் வெற்றி!’ வெற்றி என்றால், கட்டடம் குடியிருக்கத் தகுதியில்லாத அளவுக்குப் பழுது என்று நிபுணர்கள் எழுதிக் கொடுத்துவிட்டார்கள் என்று பொருள். இனி இடித்துவிட்டு நாற்பது மாடியாகக் கட்டலாம். வேறு ஊரில் வீடு இடிந்துவிழும் என்று சொன்னால் ஒப்பாரி வைப்பார்கள். எங்கள் ஊரில் சிவப்புப் பயறு தூவிய அரிசி கேக் கொடுப்பார்கள். கொடுத்தார்கள். சுவரில் விரிசலைப் பார்த்தால் உள்ளங்கையால் தட்டிக்கொடுத்துவிட்டுப் போகிற மனிதர்கள் எங்கள் மக்கள். பல வருடமாகக் குழாயில் துருத் தண்ணீர் வந்தும் யாரும் மாற்றாமல் விட்டதே இந்த நாளுக்காகத்தான்.

அக்கா கேக்கை வலது பக்கமாக மென்றுகொண்டே, வீடு வைத்திருப்பவர் தலைக்கு எவ்வளவு போடவேண்டும் என்று கேட்டாள். உத்தேசமாக முப்பத்தைந்து கோடி வோன். முதலில் வாங்கிய கடனைப்போல் கிட்டத்தட்ட இரண்டு மடங்கு. புது வீடு நூற்றிருபது கோடிக்குப் போகும், ஆகவே இது ஒரு பொருட்டே இல்லை என்றார்கள். முப்பது வருடக் கடன். முடியும்போது அக்காவுக்குத் தொண்ணூற்று மூன்று தாண்டியிருக்கும். சம்மதம் தராவிட்டால் பழைய வீட்டுக்கு மதிப்புப் போட்டுப் பணத்தைக் கையில் கொடுத்து அனுப்பிவிடுவார்கள். அந்தப் பணத்துக்கு இந்தப் பக்கம் வீடு கிடைக்காது. ரயில் போய் நிற்கும் கடைசி ஊரில் பார்க்கவேண்டும். அந்த ஊரில் யாரையும் அவளுக்குத் தெரியாது.

சிஹுன் தொலைபேசியில் ஒரே வரிதான் சொன்னான். இஷ்டம்போல் செய்யுங்கள், ஆனால் எனக்காகச் செய்யாதீர்கள், நான் வாழ்நாள் முழுக்க வாடகை வீட்டில் இருந்துகொள்கிறேன் என்று. தோங்சிக் அண்ணன் கண்ணில் பழைய பளபளப்பு எட்டிப் பார்த்தது. ஆனால் வாயைத் திறக்கவில்லை. அவள் முன்னால் அந்தப் பேச்சை எடுக்கும் உரிமை தனக்கு இல்லை என்று அவருக்குத் தெரியும். அவள் தண்ணீர் குடிக்கும்போதும் செருப்பு மாட்டும்போதும் ஓரக்கண்ணால் அவளைப் பார்த்துக்கொண்டே இருந்தார். பல் டாக்டரிடம் வாங்கிய நாளை அக்கா தள்ளிப்போட்டாள்.

இரண்டு மாதம் போயிற்று. எங்கள் மாடியில் கையெழுத்துப் போடாதது அவள் ஒருத்திதான். லிஃப்டில் ஏறினால் பேச்சு நின்றுபோகிறது என்றாள். கடைக்கு வழக்கமாக வரும் ஒரு அம்மாள், ஒருத்தி பிடிவாதத்தால் எண்ணூறு குடும்பத்துக்கு நஷ்டம் என்று கீரையைப் பார்த்துச் சொல்லிவிட்டுப் போனாளாம்.

ஒரு ஞாயிற்றுக்கிழமைக் காலை அவள் வீட்டுச் சமையலறைத் தரையில் உட்கார்ந்து இருவரும் முள்ளங்கி நறுக்கிக்கொண்டிருந்தோம். கடைக்கு இல்லை, அக்கம்பக்கத்தார் சொல்லிவைத்த கிம்ச்சி ஊறுகாய். மிளகாய்ப்பொடி, பூண்டு, உப்பிலிட்ட இறால் எல்லாம் கலந்த விழுது பெரிய சட்டியில் தயாராக இருந்தது. மணி அடித்தது. மறுகட்டுமானக் குழுத் தலைவர் கூ வந்திருந்தார். ஓய்வுபெற்ற காப்பீட்டு அதிகாரி, யாரிடமும் குரல் உயர்த்தாதவர், கையில் ஒரு பெட்டி சத்துபானம். தோங்சிக் அண்ணன் உட்கார மெத்தை போட்டார்.

வற்புறுத்த வந்தவரை அக்கா வற்புறுத்தவிடவில்லை. “குடுங்க, போட்டுர்றேன்,” என்றாள். “எல்லாரும் ஒரு பக்கம் போறப்ப நான் ஒத்தையா நின்னு யாருக்கு என்ன லாபம்.” குரலில் ஒரு சுரத்தும் இல்லை. கத்தியைக் கீழே வைத்து, கையைத் துணியில் துடைத்துக்கொண்டு தாளில் தன் பெயரை எழுதினாள். பெயருக்குப் பக்கத்தில் கட்டைவிரல் ரேகையும் இருந்தால்தான் செல்லும், அதுதான் விதி. கூ மைப்பெட்டியைத் திறந்து நகர்த்தினார். அவள் விரலை மையில் அழுத்தி எடுத்தாள். சிவப்பு மை. தேய்ந்துபோன கட்டைவிரல், ரேகை சரியாக விழாது என்று சொல்லி இன்னொரு தடவை மையில் அழுத்தச் சொன்னார். அழுத்தினாள்.

அவள் முகத்தைப் பார்த்து அவருக்கே இரக்கம் வந்திருக்க வேண்டும். ஆறுதலாகத்தான் சொன்னார், அதில் எனக்குச் சந்தேகமில்லை.

“வயசப் பத்திக் கவலப்படாதீங்கக்கா. கட்டி முடிச்சு சாவி குடுக்குற வரைக்கும் வட்டி மட்டும் கட்டுனாப் போதும்.”

விரல் தாளுக்கு மேலே நின்றது.

“அசலு?” என்றாள்.

“அதுக்கு இப்ப என்ன? வெல ஏறுனதும் வித்துக்கூட அடச்சுரலாம்.”

தோங்சிக் அண்ணன் தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார், காது மடல் சிவந்துவிட்டது. ரயில் போய் நிற்கும் கடைசி ஊரும், முகம் தெரியாத அக்கம்பக்கமும், லிஃப்டில் நின்றுபோகும் பேச்சும் அந்த விரலின் மறுபக்கத்தில் இருக்கின்றன என்று அங்கே இருந்த நான்கு பேருக்கும் தெரியும். கூ தாளை இன்னும் ஒரு விரற்கடை அவள் பக்கம் நகர்த்தினார்.

இன்சுக் அக்கா கணவரைப் பார்த்தாள். கோபமாக இல்லை, கொஞ்ச நேரம் பார்த்தாள். பிறகு தொட்டியின் விளிம்பில் காயப்போட்டிருந்த ரப்பர் கையுறையை எட்டி எடுத்து, மை காயாத கட்டைவிரலைத் துடைக்காமல் அப்படியே உள்ளே விட்டு முழங்கை வரை இழுத்துவிட்டுக்கொண்டு, முள்ளங்கியை வாரிச் சட்டியில் போட்டுப் பிசையத் தொடங்கினாள்.